பூங்காவும் பொதுவாழ்வும்

நான் வாழும் ஊர் தளேகாவ். புணேயிலிருந்து மும்பைக்குச் செல்லும் இருப்புப்பாதையில், புணேக்கு வடமேற்கே ஏறத்தாழ 35 கிலோமீட்டர் தொலைவில் அவ்வூர் உள்ளது. மராத்தியில் ‘தளே’ என்றால் குளம். ‘காவ்’ என்றால் ஊர். ஆகவே எங்கள் ஊரின் பெயரைத் தமிழாக்கினால் ‘குளத்தூர்’ என்றாகும். தமிழ்நாட்டில் பல குளத்தூர்கள் இருப்பது போலவே மகாராஷ்டிரத்திலும் பல தளேகாவ்கள் உண்டு. பிரித்தறிவதற்காக, மராட்டியப் படைத்தலைவர்களாக விளங்கிய தாபாடே குடும்பத்தின் பெயரையும் சேர்த்துத் ‘தளேகாவ் தாபாடே’ என்று எங்கள் ஊரை வழங்குகிறார்கள்.

என் தமையனார் இவ்வூர்த் தொழிற்சாலை ஒன்றில் பணிபுரிகிறார். நான் நாள்தோறும் லோக்கல் வண்டியில் ஏறிப் பல்கலைக்கழகம் சென்று மீள்கிறேன். அம்மா மறைந்த பின் அப்பாவும் எங்களோடு வந்து சேர்ந்தார். அறுபத்தெட்டு வயது வரை விருதுநகர்ப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலேயே வாழ்ந்தவர் அவர். மராத்தியும் அறியார், இந்தியும் அறியார். காலையில் நாங்கள் இருவரும் கதவைச் சாத்திக்கொண்டு புறப்பட்டால், மாலை வரை சுவர்களோடுதான் அவருக்குப் பேச்சு. “சாப்பாட்டுக்குக் குறை இல்லையப்பா. பார்த்துச் சிரிக்க ஒரு முகம் இல்லையே” என்று ஒருநாள் சொன்னார். அந்தச் சொல்லே இக்கட்டுரைக்கு வித்தாயிற்று.

அதன் பிறகு ஞாயிறுதோறும் அவரைப் புணேக்கு அழைத்துச் சென்றேன். கோட்டை பார்த்தோம், கடைத்தெரு பார்த்தோம். எதிலும் அவர் மனம் ஒட்டவில்லை. ஒருநாள் சுவார்கேட் அருகே உள்ள சாரஸ்பாக் என்னும் பூங்காவில் ஓர் இருக்கையில் அமர்ந்தார். இரண்டு மணி நேரம் எழுந்திருக்கவே இல்லை. அடுத்த ஞாயிறு விடிந்ததும் தாமே குளித்துச் சட்டை மாட்டிக்கொண்டு, “அந்தத் தோட்டத்துக்குத்தானே போகிறோம்?” என்று கேட்டார்.

ஒரு நகரத்தின் நடுவே பூங்கா எதற்காக இருக்கிறது? காற்றுக்காக என்பர், அழகுக்காக என்பர். இரண்டும் உண்மையே. ஆனால் அப்பா அங்கே தேடியது காற்றை அன்று. தளேகாவில் காற்றுக்குப் பஞ்சமில்லை. மலரை அன்று, எங்கள் ஊரின் பூந்தொழில் வளாகத்துப் பசுங்குடில்களில் ரோசா மலர்கள் வணிகத்துக்காகவே பயிராகின்றன. அவர் தேடியது வேறொன்று. அது யாது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

சோலையும் மன்றமும்

பழந்தமிழ் மக்களுக்கு இருவகைப் பசுமை இடங்கள் இருந்தன. ஒன்று சோலை, மற்றொன்று மன்றம். சோலை என்பது மலரும் நிழலும் நீரும் நிறைந்தது. ஆனால் எல்லாச் சோலையும் எல்லாருக்கும் உரியதாக இருக்கவில்லை. மணிமேகலைக் காப்பியத்தில், மலர் கொய்யப் புறப்படும் மணிமேகலை எந்தச் சோலைக்குச் செல்லலாம், எதற்குச் செல்லலாகாது என்று சுதமதி எடுத்துரைக்கிறாள். இலவந்திகை என்பது மதில் சூழ்ந்த சோலை; அதன் பக்கம் போனால் அரசனுடைய ஆட்கள் இருப்பார்கள். ஆகவே அது வேண்டாம் என்று விலக்கப்படுகிறது. அழகு மிகுந்த சோலைதான். ஆயினும் அது பொதுமக்களுக்கு உரியதன்று.

மன்றம் அவ்வாறன்று. ஊர் நடுவே ஒரு பெரிய மரம். அதன் கீழ் மண்ணோ திண்ணையோ. அவ்வளவே மன்றம். முதியோர் அங்கே அமர்ந்தனர்; வழிப்போக்கர் தங்கினர்; வழக்குகள் தீர்க்கப்பட்டன; சிறுவர் ஆடினர். ‘பொதியில்’ என்று அதற்கு வழங்கிய மற்றொரு பெயரிலேயே ‘பொது’ என்னும் கருத்து அமைந்துள்ளது. அங்கே வருவோரை, “நீ யார்? எதற்கு வந்தாய்?” என்று கேட்பார் இல்லை. மராட்டியச் சிற்றூர்களிலும் இதே வழக்கத்தைக் காணலாம். ஆலமரத்தையோ அரசமரத்தையோ சுற்றிக் கட்டிய மேடைக்கு அவர்கள் ‘பார்’ என்று பெயரிட்டுள்ளனர். ஊர்ப்பேச்சு எல்லாம் பாரின்மேல்தான் நடைபெறும். மொழி வேறாயினும் மரத்தடி ஒன்றே.

இக்காலத்து நகரப் பூங்கா இவ்விரண்டும் சேர்ந்த ஒன்று என்பது என் எண்ணம். தோற்றத்தில் அது சோலை. பயனில் அது மன்றம். சோலையின் அழகு மட்டும் இருந்து மன்றத்தின் தன்மை இல்லாவிட்டால் அப்பூங்கா நிலைத்து நில்லாது. இதைக் காட்டுவதற்கு இரண்டு பூங்காக்களின் வரலாற்றை எடுத்துக்கொள்வோம். ஒன்று புணேயில் நிலைத்திருப்பது. மற்றொன்று சென்னையில் பெயரளவில் எஞ்சியிருப்பது.

குளத்திலிருந்து பிறந்த பூங்கா

பதினெட்டாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் புணேயை ஆண்டவர் நானாசாகேப் பேஷ்வா. பர்வதிக் குன்றின்மேல் கோயில் எழுப்பியவர் அவரே. அக்குன்றின் அடிவாரத்தில் ஆம்பில் ஓடையின் நீரைத் தேக்கி ஒரு குளத்தையும் அமைத்தார். குளத்தின் நடுவே ஒரு திட்டு விடப்பட்டது. அதில் தோட்டம் வைத்தார்கள். 1784-ஆம் ஆண்டில் சவாய் மாதவராவ் பேஷ்வா அத்திட்டில் பிள்ளையாரை எழுந்தருளச் செய்தார். நாற்புறமும் நீர் சூழ இருந்தமையால் மக்கள் அவரைத் ‘தள்யாதலா கணபதி’ என்று அழைத்தனர். ‘குளத்துப் பிள்ளையார்’ என்பது பொருள். எங்கள் ஊர்ப் பெயரில் உள்ள அதே ‘தளே’தான் இது.

காலம் சென்றது, அரசு மாறியது, குளம் தூர்ந்தது. கடந்த நூற்றாண்டில் அந்நிலத்தை நகராட்சியினர் பூங்காவாக அமைத்தனர். இன்று நீர் இருந்த இடத்தில் புல்வெளி பரந்து கிடக்கிறது. கோயிலைச் சுற்றிச் சிறு தாமரைத் தடாகம் மட்டும் பழைய குளத்தை நினைவூட்டுகிறது. பெயர் மட்டும் மாறவில்லை. தரைமேல் இருக்கும் பிள்ளையார் இன்றும் குளத்துப் பிள்ளையாரே.

இப்பூங்காவில் ஒரு நாளை முழுமையாகக் கழிப்பவர், புணே நகரத்தையே ஒருமுறை வலம் வந்தவர் ஆவார். விடியுமுன் நடைப்பயிற்சி செய்வோர் வருகின்றனர். கோயில் மணி ஒலிக்கத் தொடங்கியதும், வேலைக்குச் செல்வோர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே சென்று கும்பிட்டு விரைகின்றனர். குளிர்காலத்தில் பிள்ளையாருக்குக் கம்பளிச் சட்டையும் குல்லாயும் அணிவிப்பார்கள். அதைக் காணவே குழந்தைகள் வருவர். வெயில் ஏறியதும் போட்டித் தேர்வுக்குப் படிக்கும் இளைஞர்கள் மரநிழலில் புத்தகத்தை விரிப்பர். பிற்பகலில் கட்டட வேலைக்கு வந்தவர்கள் துண்டை விரித்து உறங்குவர். மாலையில் குடும்பங்கள் புல்தரையை நிறைக்கும். வெளியே கடைவரிசையில் பேல்பூரியும் பாவ்பாஜியும் மணக்கும். தீபாவளி நாளில் புத்தாடை உடுத்த இளைஞர் கூட்டம் விடியற்காலையிலேயே அங்கே திரள்வது புணேயின் வழக்கமாகிவிட்டது. நுழைவதற்குக் கட்டணமில்லை. செல்வரும் வறியவரும் ஒரே புல்லின்மேல் அமர்கின்றனர். இத்தகைய காட்சியை நகரத்தில் வேறு எங்கே எளிதில் காண முடியும்? கடைவீதியில் பணம் உள்ளவனுக்கே மதிப்பு. அலுவலகத்தில் பதவி உள்ளவனுக்கே இருக்கை. பூங்காவில் களைத்தவனுக்கு இருக்கை.

அங்கேதான் அப்பாவுக்கு ஒரு தோழர் கிடைத்தார். தலையில் வெள்ளைக் குல்லாய் அணிந்த மராட்டிய முதியவர். முதல் நாள் இருவரும் ஒரே இருக்கையின் இரு கோடிகளில் அமர்ந்திருந்தனர். இரண்டாம் வாரம் அவர் ஒரு கைப்பிடி வேர்க்கடலையை நீட்டினார். மூன்றாம் வாரம் பேச்சுத் தொடங்கிவிட்டது. எந்த மொழியில் என்று கேட்காதீர்கள், எனக்கே விளங்கவில்லை. அவர் அப்பாவை ‘அண்ணா’ என்று அழைத்தார். மராத்தியிலும் அச்சொல் உண்டு என்று அறிந்ததும் அப்பா மகிழ்ந்துபோனார். தம்மை ‘தாதா’ என்று அழைக்குமாறு அவர் சொன்னபோது, அப்பா சற்றுத் திகைத்தார். “என்னைவிட நாலு வயது இளையவர், அவரைப் போய்த் தாத்தா என்பதா?” என்று என் காதில் கேட்டார். மராத்தியில் ‘தாதா’ என்றால் அண்ணன் என்று நான் விளக்கிய பிறகே மனம் ஆறினார். அன்று முதல் இவர் அவருக்கு அண்ணா. அவர் இவருக்குத் தாதா. இருவருமே ஒருவருக்கு ஒருவர் மூத்தவர்!

இது சிறிய செய்திதான். ஆனால் அயலூரில் வாழ வந்த ஒருவர் அவ்வூரின் குடிமகன் ஆவது இத்தகைய சிறிய செய்திகளால்தான். குடும்ப அட்டையும் வாக்காளர் பட்டியலும் பெயரைப் பதிவு செய்யும்; முகத்தைப் பதிவு செய்வது பூங்கா இருக்கையே.

பெயரில் மட்டும் வாழும் பூங்கா

இனிச் சென்னைக்குச் செல்வோம். கோடை விடுமுறையில் அப்பாவோடு ஊருக்குச் சென்றபோது, நாங்கள் ஏறிய வண்டி சென்னை சென்ட்ரலில் நின்றது. தெற்கே செல்ல எழும்பூர் போக வேண்டும். சாலையைக் கடந்து எதிரே உள்ள சிறிய நிலையத்தில் மின்வண்டிக்குக் காத்திருந்தோம். அந்நிலையத்தின் பெயர் ‘சென்னைப் பூங்கா’. அப்பா பெயர்ப்பலகையைப் படித்தார். பிறகு நாற்புறமும் பார்த்தார். “பூங்கா எங்கேயப்பா?” என்று கேட்டார்.

நல்ல கேள்வி! அதற்கு விடை தேடிச் சென்றால் 1859-ஆம் ஆண்டில் போய் நிற்போம். அவ்வாண்டில் சென்னையின் ஆளுநராக வந்தவர் சர் சார்லஸ் டிரெவெலியன். மக்கள் தொகை பெருகிய அந்நாளைய மேலைநாட்டு நகரங்களில் பொதுப் பூங்கா வேண்டும் என்னும் கருத்து ஓங்கியிருந்தது. இங்கிலாந்தில் பர்க்கன்ஹெட் என்னுமிடத்தில் 1847-இல் பொதுப்பணத்தால் அமைந்த பூங்கா திறக்கப்பட்டது. அதைக் கண்டு வியந்த ஓம்ஸ்டெட் என்பவர்தாம் பின்னர் மற்றொருவருடன் சேர்ந்து நியூயார்க் நகரத்தின் சென்ட்ரல் பார்க்குக்குத் திட்டம் வகுத்தார். அக்காலத்தின் எண்ணத்தையே டிரெவெலியன் சென்னைக்குக் கொண்டுவந்தார் எனலாம். வருமானவரியை வெளிப்படையாக எதிர்த்தமைக்காக அவர் 1860-லேயே திரும்ப அழைக்கப்பட்டார். ஆயினும் அவர் தொடங்கிய பூங்கா வளர்ந்தது. ஏறத்தாழ 116 ஏக்கர் பரப்பு, பதினொரு குளங்கள், வண்டி செல்லும் பாதைகள், பாண்டு வாத்தியம் முழங்க ஒரு மேடை. ‘மக்கள் பூங்கா’ என்பதே அதன் பெயர்.

மருத்துவர் எட்வர்டு பால்ஃபர் 1855-இல் சென்னை அருங்காட்சியகத்தில் தொடங்கிய விலங்குக்காட்சிச் சாலை சில ஆண்டுகளில் இப்பூங்காவுக்கு வந்தது. ஆண்டின் இறுதியில் இங்கே பெரிய சந்தைத் திருவிழாவும் நடைபெற்றது. 1886-ஆம் ஆண்டு டிசம்பர் 31-ஆம் நாள் அத்திருவிழாவில் தீப்பற்றி நூற்றுக்கணக்கானோர் மாண்டனர். அந்தத் துயரத்துக்குப் பிறகும் மக்கள் இப்பூங்காவை விட்டுவிடவில்லை.

பின்னர் நடந்ததைக் கவனியுங்கள். 1880-களின் இறுதியில் விக்டோரியா நகர மண்டபம் எழுந்தது. நகரத்துக்கு ஒரு மண்டபம் வேண்டாமா? வேண்டும்தான். தெருவோர வணிகர்களுக்கு இடமளிக்க 1900-இல் மூர் மார்க்கெட் திறக்கப்பட்டது. ஏழை வணிகர்களுக்கு நிழல் வேண்டாமா? வேண்டும்தான். 1913-இல் ரிப்பன் மாளிகை திறக்கப்பட்டது. மாநகராட்சிக்கு அலுவலகம் வேண்டாமா? பின்னர் விளையாட்டரங்கம் எழுந்தது. 1956-ஆம் ஆண்டு சனவரியில் வினு மன்கட்டும் பங்கஜ் ராயும் நியூசிலாந்துக்கு எதிராகத் தொடக்க இணையாக 413 ஓட்டங்கள் எடுத்தது அவ்வரங்கில்தான். அச்சாதனை 2008 வரை முறியடிக்கப்படவில்லை. அதைக் கண்டவர்களிடம் போய், “இந்த அரங்கம் பூங்காவின் நிலமாயிற்றே!” என்று சொன்னால் யார் செவிசாய்ப்பார்?

1985-ஆம் ஆண்டு மே 30-ஆம் நாள் மூர் மார்க்கெட் தீக்கிரையாயிற்று. அவ்விடத்தில் இருப்புப்பாதையின் புறநகர் நிலையமும் பயணச்சீட்டு முன்பதிவுக் கட்டடமும் எழுந்தன. அதே ஆண்டில் விலங்குக்காட்சிச் சாலை வண்டலூரின் பரந்த காட்டுக்கு மாற்றப்பட்டது. விலங்குகளுக்கு அது நன்மையே. பழைய விளையாட்டரங்கம் இருந்த இடத்தில் 1993-இல் புதிய நேரு விளையாட்டரங்கம் எழுந்தது. இன்று ‘மை லேடீஸ் பூங்கா’ என்னும் ஒரு துண்டு எஞ்சியிருக்கிறது. மற்றபடி ‘பார்க் டவுன்’ என்னும் வட்டாரப் பெயரும், ‘பூங்கா’ என்னும் நிலையப் பெயரும்தான் மிச்சம்.

இவ்வரலாற்றில் தீயவர் எவரையும் நான் காணவில்லை. அதுவே இதிலுள்ள துயரம். பூங்காவைக் கொள்ளையர் கொண்டு செல்லவில்லை. நல்ல காரணங்களே அதைத் தின்றுவிட்டன. மண்டபம் நல்லது, அங்காடி நல்லது, அரங்கம் நல்லது, நிலையம் நல்லது. ஒவ்வொன்றும், “எனக்குக் கொஞ்சம் இடம் போதும்” என்றுதான் கேட்டது. நூறு ஏக்கரில் இரண்டு ஏக்கர் போனால் என்ன என்று ஒவ்வொரு தலைமுறையும் கொடுத்தது. இறுதியில் கொடுக்க ஒன்றும் இல்லை.

நிலைத்ததும் மறைந்ததும் ஏன்?

புணேயிலும் இதே சோதனை வந்தது. சாரஸ்பாக்கை அடுத்துள்ள பேஷ்வே பூங்காவில் 1953 முதல் விலங்குக்காட்சிச் சாலை இருந்தது. 1956 முதல் ‘பூல்ராணி’ என்னும் சிறு புகைவண்டி குழந்தைகளை ஏற்றிக்கொண்டு ஓடியது. 1999-இல் விலங்குகள் காத்ரஜ் பகுதிக்கு மாற்றப்பட்டன. சென்னையைப் போலவே இங்கும் ஓர் இடம் காலியாயிற்று. ஆனால் இங்கே அரங்கமோ நிலையமோ எழவில்லை. அது பூங்காவாகவே நீடித்தது.

இந்த வேறுபாட்டுக்குக் காரணம் என்ன? சென்னைப் பூங்கா நகரத்தின் பெரிய இருப்புப்பாதை நிலையத்தை ஒட்டியிருந்தது. ஆகவே அந்நிலத்தின்மேல் எல்லாருக்கும் கண் இருந்தது. இது ஒரு காரணம். மற்றொரு காரணமும் உண்டு என்பது என் கருத்து. மக்கள் பூங்காவின் புகழ் வேடிக்கைகளை நம்பி நின்றது. சந்தை, பாண்டு வாத்தியம், விலங்குகள் ஆகியவற்றைக் காண மக்கள் திருநாளுக்கு வருவது போல வந்தனர். வேடிக்கை நின்றதும் அவர்களும் வேறிடம் சென்றனர். சாரஸ்பாக்குக்கோ மக்கள் நாள்தோறும் வருகின்றனர். பிள்ளையார் அங்கே இருக்கிறார் என்பது அதற்குப் பெருந்துணை. ஆனால் கும்பிட வருவோர் மட்டுமே அங்கு இல்லை. நடப்பவர், படிப்பவர், உறங்குபவர், வெறுமனே அமர்ந்திருப்பவர் என்று ஆயிரம் பேரின் வழக்கம் அந்த நிலத்தைக் காத்து நிற்கிறது. வழக்கத்தைவிட வலிய வேலி இல்லை.

ஆயினும் சாரஸ்பாக்கைப் புகழ்வதற்குமுன் ஒன்றை மறைக்காமல் சொல்லவேண்டும். அப்பூங்கா தோன்றியதே ஒரு குளம் மறைந்ததனால். குளமும் பொதுச்சொத்தே. 2019-ஆம் ஆண்டு செப்டம்பர் 25-ஆம் நாள் இரவு, ஆம்பில் ஓடை பெருக்கெடுத்துப் புணேயில் இருபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். நகரம் வளர வளர ஓடைகளுக்கும் குளங்களுக்கும் உரிய இடம் சுருங்குகிறது. நீரோ தன் பழைய வழியை மறப்பதில்லை. திறந்த வெளியைக் காப்பது என்றால் புல்லையும் பூவையும் மட்டும் காப்பதன்று. நீர் தங்கும் இடத்தையும் சேர்த்துக் காப்பதாகும்.

சட்டம் காக்காதா?

சட்டம் இருக்கிறதே என்று நண்பர் சிலர் கேட்கலாம். இருக்கிறது. பூங்காக்களையும் விளையாட்டிடங்களையும் திறந்த வெளிகளையும் காப்பதற்கென்றே தமிழ்நாட்டில் 1959-ஆம் ஆண்டின் சட்டம் ஒன்று உண்டு. மகாராஷ்டிரத்தில் 1966-ஆம் ஆண்டின் நகரமைப்புச் சட்டத்தின்படி, ஒவ்வோர் ஊருக்கும் வளர்ச்சித் திட்டப் படம் வரையப்படுகிறது. அதில் பூங்காவுக்கு இன்ன நிலம், பள்ளிக்கு இன்ன நிலம் என்று ஒதுக்கப்படும். ஆனால் அச்சட்டத்திலேயே மற்றொரு விதியும் உண்டு. தனியாருக்கு உரிய நிலத்தைப் பூங்காவுக்கென ஒதுக்கிவிட்டுப் பத்தாண்டுகளாகியும் அதைக் கையகப்படுத்தாவிட்டால், உரிமையாளர் அறிவிப்புக் கொடுக்கலாம். அதன்பின் குறித்த காலத்துக்குள் நடவடிக்கை எடுக்காவிட்டால் ஒதுக்கீடு நீங்கிவிடும். உரிமையாளரை என்றென்றும் காத்திருக்கச் செய்வது முறையன்று. எனவே விதி நியாயமானதே. ஆனால் பொதுமக்கள் பத்தாண்டு உறங்கினால் படத்தில் உள்ள பசுமை மண்ணில் வாராது என்பதும் அதனால் விளங்கும்.

விழித்திருந்தால் என்ன ஆகும் என்பதற்கும் சான்று உண்டு. பெங்களூரில் பூங்காவுக்கென விடப்பட்ட ஓர் இடம் தனியார் மருத்துவமனைக்கு அளிக்கப்பட்டது. அப்பகுதிக் குடிமக்கள் வழக்குத் தொடுத்தனர். 1991-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் அந்த அளிப்பு செல்லாது என்று தீர்ப்பளித்தது. பூங்காவுக்கென விடப்பட்ட இடம் பறிபோவதை எதிர்த்து வழக்காட அருகில் வாழும் மக்களுக்கு உரிமை உண்டு என்றும் அத்தீர்ப்பு நிலைநாட்டியது. மருத்துவமனையும் நல்ல காரணமே அன்றோ? ஆயினும் ஒரு நன்மைக்காக மற்றொரு நன்மையை அழிக்கலாகாது என்பதே அதனால் நாம் பெறும் பாடம். சட்டம் ஒரு கருவி. அதை எடுத்து ஆள மக்கள் வேண்டும். அந்த இடத்தை நேசிப்பவரே அதற்காக நீதிமன்றப் படியேறுவர்; அதில் நாள்தோறும் அமர்ந்தவரே அதை நேசிப்பர்.

எங்கள் திடல்

இவற்றையெல்லாம் நூலில் படித்து எழுதிவிட்டேன் என்று எண்ணவேண்டா. இந்தப் பாடத்தை எனக்குக் கற்பித்தது தளேகாவில் எங்கள் குடியிருப்பின் நடுவே உள்ள ஒரு சிறு திடல். இரண்டு புங்கமரங்கள், ஒரு வேம்பு, ஓர் உடைந்த சறுக்குமரம். சுற்றிலும் கம்பிவேலி, ஒரு கதவு. பிள்ளைகள் பந்தடித்துப் புல்லைக் கெடுக்கிறார்கள் என்று நிருவாகிகள் அக்கதவைப் பூட்டினர். பூட்டியபின் பிள்ளைகள் தெருவில் ஆடினர். மழைக்காலத்தில் புல் இடுப்பளவு வளர்ந்தது. பாம்பு இருக்கும் என்று அஞ்சிப் பெரியவர்களும் அப்பக்கம் போவதை விட்டனர். ஓராண்டு இவ்வாறு சென்றது. பிறகு கூட்டத்தில் ஒருவர் எழுந்து, “யாருக்கும் பயன்படாத இடம், தளம் போட்டு வண்டி நிறுத்தலாமே” என்றார். பலரும் தலையசைத்தனர். எங்கள் வீட்டிலும் வண்டி உண்டு. நானும் மறுத்துப் பேசவில்லை. அதை இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

பூட்டினோம், அதனால் பயனற்றுப் போயிற்று. பயனில்லை என்று சொல்லி அழிக்கப் பார்க்கிறோம். மக்கள் பூங்கா சிறுகச் சிறுக மறைந்த கதையும் இதுவே என்று எனக்குப் பட்டது, அப்பா எழுந்து நின்றபோதுதான். பின்வரிசையில் அமர்ந்திருந்த அவர் எழுந்து, தாதாவிடம் கற்ற மராத்தியில் இரண்டே சொற்கள் சொன்னார்: “சாவி த்யா.” சாவியைக் கொடுங்கள் என்று பொருள். நம் ‘சாவி’தான் மராத்தியிலும் சாவி; போர்த்துகீசியர் நம் இரு மொழிகளுக்கும் விட்டுச் சென்ற சொல் அது. அவர் அதைச் சொல்லிவிட்டுக் கையை நீட்டிக்கொண்டே நின்றார். சிலர் சிரித்தனர். ஆனால் எவரும் மறுக்கவில்லை. மூன்று மாதம் அவர் பொறுப்பில் விட்டுப் பார்ப்பது என்று முடிவாயிற்று.

அன்று முதல் காலை ஆறு மணிக்கு அப்பா கதவைத் திறக்கிறார். இரவு எட்டு மணிக்குப் பூட்டுகிறார். முதல் வாரம் அவரும் நானும் புல் வெட்டினோம். இரண்டாம் வாரம் அடுத்த வீட்டார் இருவர் அரிவாளோடு வந்தனர். இப்போது மாலையில் பிள்ளைகள் ஆடுகின்றனர். பந்து எல்லைக்குள் ஆடும்படி அப்பா சுண்ணாம்புக்கோடு இட்டிருக்கிறார். பெண்கள் வேம்படியில் அமர்ந்து காய் நறுக்கிக்கொண்டே பேசுகின்றனர். அருகில் கட்டட வேலை செய்யும் பீகார்க் குடும்பத்தின் குழந்தைகள் முதலில் வேலிக்கு வெளியே நின்று பார்த்தனர். அவர்கள் உள்ளே வரலாமா என்று ஒருவர் கேட்டார். அப்பாவுக்குக் கேள்வி விளங்கவில்லை. கதவை அகலத் திறந்துவிட்டார்.

மூன்று மாதம் முடிய இன்னும் பதினாறு நாட்கள் உள்ளன. வண்டி நிறுத்தும் திட்டம் கைவிடப்படவில்லை. அடுத்த கூட்டத்தில் அது மீண்டும் வரும். முடிவு எவ்வாறு அமையும் என்று சொல்ல இயலாது. ஆனால் இம்முறை, “யாருக்கும் பயன்படாத இடம்” என்று எவரும் சொல்ல முடியாது. நானும் வாய்மூடி இருக்கப் போவதில்லை.

முடிவுரை

பொது இடம் என்றால் யாருக்கும் சொந்தமில்லாத இடம் என்று பலர் எண்ணுகிறோம். அது பிழை, எல்லாருக்கும் சொந்தமான இடம் என்பதே அதன் பொருள். சொந்தம் கொண்டாட ஆள் இல்லாத நிலத்தை நல்ல காரணம் ஒன்று வந்து எடுத்துக்கொள்ளும். ஆதலின் தமிழ் மாணவர்களாகிய நாம் செய்யத்தக்கது ஒன்று உண்டு. நம் கூட்டங்களையும் கவியரங்குகளையும் மூடிய அறைகளிலேயே நடத்தவேண்டும் என்பதில்லை. மாதம் ஒருமுறையேனும் புணேயின் பூங்கா ஒன்றில் கூடுவோம். அயல்மொழியார் நின்று கேட்கட்டும். நாமும் அவர்கள் பேச்சைக் கேட்போம். நாம் வாழும் பகுதியின் வளர்ச்சித் திட்டப் படத்தை ஒருமுறை வாங்கிப் பார்ப்போம். அதில் பச்சை வண்ணம் தீட்டிய இடம் மண்ணில் எங்கே இருக்கிறது, யார் அதில் அமர்கிறார்கள் என்று நடந்து சென்று காண்போம்.

சென்னைப் பூங்கா நிலையத்தில் அப்பா கேட்ட கேள்விக்கு அன்று நான் விடை சொல்லவில்லை, மின்வண்டி வந்துவிட்டது. நாளை ஒரு பிள்ளை தளேகாவில் நின்றுகொண்டு, “திடல் எங்கே?” என்று கேட்குமானால், அப்போதும் விடையின்றி வண்டி ஏறிச் செல்ல நான் விரும்பவில்லை.